விடைத்தாளும் நீதிமன்றமும்

சென்ற ஆண்டு ஐப்பசி மாதத்து மழைநாள் ஒன்றில், ஒரு மாணவி தன் தமையனுடன் என் அலுவலகத்துக்கு வந்தாள். வணிகவியல் பட்டப் படிப்பின் இறுதித் தேர்வை எழுதியவள். ஏனைய தாள்களில் எல்லாம் நல்ல மதிப்பெண். செலவுக் கணக்கியல் என்னும் ஒரு தாளில் மட்டும் நூற்றுக்கு 36. தேறுவதற்கு வேண்டியது 40. மறுமதிப்பீட்டுக்கு உரிய கட்டணத்தைச் செலுத்தி விண்ணப்பித்து 97 நாட்கள் கழிந்துவிட்டன. பல்கலைக் கழகத்திலிருந்து யாதொரு பதிலும் இல்லை. முதுகலை வகுப்பில் அவளுக்குத் தற்காலிகமாக ஓர் இடம் கிடைத்திருந்தது. தேறிய சான்றிதழை அம்மாத இறுதிக்குள் காட்டாவிடில் அந்த இடம் பிறருக்குப் போய்விடும். அடுத்த பருவத் தேர்வுக்குப் பணம் கட்டுவதற்கான கெடுவோ, இன்னும் பத்தே நாட்களில் முடிவதாக இருந்தது.

“ஐயா, மறுமதிப்பீட்டின் முடிவு தெரிவதற்கு முன்பே அதே தாளை மீண்டும் எழுதப் பணம் கட்டினால், நான் தோற்றதை நானே ஒப்புக்கொண்டது போல் ஆகிவிடாதா?” என்று அவள் கேட்டாள். நாற்பது ஆண்டுகளாக வழக்கறிஞர் தொழிலில் இருக்கிறேன். இவ்வளவு சரியான கேள்வியை என் கட்சிக்காரர்களுள் பலர் கேட்டதில்லை.

அவளுக்கு அன்று பத்து நிமிடத்தில் ஒரு விடை சொன்னேன். அந்த விடைக்குப் பின்னே ஏறத்தாழ முந்நூறு ஆண்டு வரலாறு இருக்கிறது. “இந்த விடைத்தாளை மீண்டும் திருத்துக” என்று கட்டளையிட நீதிமன்றங்கள் பெரும்பாலும் மறுத்தே வந்திருக்கின்றன. ஆயினும் அம்மறுப்பின் ஊடேயே மாணவனுக்கு வேறு சில உரிமைகள் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. அவை வந்த வழியைத்தான் இன்று கூற எண்ணுகிறேன்.

வரலாறு இங்கிலாந்து தேசத்தில், கேம்பிரிட்ஜ் நகரில் தொடங்குகிறது. 1717-ஆம் ஆண்டில் முதலாம் ஜார்ஜ் மன்னர் அங்கு விஜயம் செய்தார். அவ்வமயம் பலருக்குச் சமயத்துறையில் டாக்டர் பட்டம் வழங்கப்பெற்றது. டிரினிடி கல்லூரியின் தலைவரும் சமயத்துறைப் பேராசிரியருமான ரிச்சர்டு பெண்ட்லி, பட்டம் பெற்ற ஒவ்வொருவரும் தமக்கு நான்கு கினி தரவேண்டும் என்றார். மிடில்டன் என்பவர் கொடுத்துவிட்டுப் பின்னர் அதைத் திரும்பக் கேட்டுப் பல்கலைக் கழகத்தின் உபவேந்தர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தார். பெண்ட்லி கிரேக்க லத்தீன் நூல்களில் இணையற்ற புலவர். ஆனால் சாதுவான மனிதர் அல்லர். அழைப்பாணை கொண்டுவந்த சேவகரிடம் அந்த நீதிமன்றத்தையே இழித்துப் பேசினார். அதைக் கேட்ட பல்கலைக் கழகத்தார், அவரை அழைத்து விசாரியாமலே, 1718-இல் அவருடைய பட்டங்கள் அனைத்தையும் பறித்துவிட்டனர்.

பெண்ட்லி லண்டனில் இருந்த அரசரின் உயர்ந்த நீதிமன்றத்தை நாடினார். 1723-ஆம் ஆண்டில் அந்நீதிமன்றம், ஒருவர் தரப்பைக் கேளாமல் அவரிடமுள்ளதைப் பறித்தல் முறையன்று என்று கூறி, பட்டங்களைத் திருப்பிக் கொடுக்குமாறு பல்கலைக் கழகத்துக்குக் கட்டளையிட்டது. ஆதாமைத் தோட்டத்தினின்று வெளியேற்றுமுன் ஆண்டவனே அவனை அழைத்து விளக்கம் கேட்டான் என்று நீதிபதிகளுள் ஒருவர் சொன்னார். சட்டம் படிக்கும் மாணவர்கள் இன்றும் அதை மறப்பதில்லை. அக்கட்டளைக்கு ‘மாண்டமஸ்’ என்று பெயர். ‘கட்டளையிடுகிறோம்’ என்பது அந்த லத்தீன் சொல்லின் பொருள். பெண்ட்லி எத்தகைய புலவர் என்பதை நீதிபதிகள் சீர்தூக்கிப் பார்க்கவில்லை. அது அவர்கள் வேலையன்று. பல்கலைக் கழகம் தான் நடக்கவேண்டிய நெறியில் நடந்ததா என்பதை மட்டுமே பார்த்தனர். இந்த வேறுபாட்டை மனத்தில் கொண்டால் பின்வருவன எல்லாம் எளிதில் விளங்கும்.

நம் நாட்டில் கல்கத்தா, பம்பாய், சென்னைப் பல்கலைக் கழகங்கள் மூன்றும் 1857-ஆம் ஆண்டிலேயே தோன்றின. சென்னையின் முதல் பி.ஏ. தேர்வில் வென்றவர் இருவர். அவர்களுள் ஒருவர் பிற்காலத்தில் பழந்தமிழ் நூல்களை ஏட்டினின்று அச்சேற்றிய சி. வை. தாமோதரம் பிள்ளை. இருவருடைய தாள்களைத் திருத்துவதில் தாமதம் நேர இடமில்லை. தேர்வு எழுதுவோர் ஆயிரக்கணக்காகவும் லட்சக்கணக்காகவும் பெருகிய பின்னரே நம்முடைய வழக்கு பிறக்கிறது.

அக்காலத்தில் குறைபட்ட மாணவன் எங்கே போவான்? சிவில் கோர்ட்டில் வழக்குத் தொடரலாம். அது முடிவதற்குள் அவன் பிள்ளைகள் கல்லூரிக்குப் போகும் வயதை அடைந்துவிடக் கூடும். மாண்டமஸ் போன்றதொரு கட்டளையை 1877-ஆம் ஆண்டின் ஸ்பெசிபிக் ரிலீப் சட்டத்தின் 45-ஆம் பிரிவு அனுமதித்தது. ஆனால் அது மாகாணத் தலைநகரங்களின் எல்லைக்குள்ளே மட்டும் செல்லுபடியாயிற்று. 1943-ஆம் ஆண்டில், கஞ்சம் ஜில்லாவைச் சேர்ந்த பர்லாக்கிமிடி ஜமீன் குடியானவர்களின் வழக்கில் பிரிவி கவுன்சில் ஒரு தீர்ப்பு அளித்தது. குடியானவர்கள் குறைகூறிய உத்தரவைப் பிறப்பித்த ரெவின்யூ போர்டின் அலுவலகம் சென்னை நகருக்குள்ளேதான் இருந்தது. இருந்தும், வழக்கின் பொருள் நகருக்கு வெளியே உள்ளதாகையால், அதில் ரிட் பிறப்பிக்கச் சென்னை உயர்நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்று கூறிவிட்டனர். இதனால் நேர்ந்ததை எண்ணிப் பாருங்கள். சேப்பாக்கத்தில் உள்ள பல்கலைக் கழகத்தின் மீது குறை உடையவனுக்காவது நகர எல்லைக்குள் ஒரு கதவு இருந்தது. சிதம்பரத்தில் 1929-இல் தோன்றிய அண்ணாமலைப் பல்கலைக் கழகத்து மாணவனுக்கு அதுவும் இல்லை.

1950-ஆம் ஆண்டு ஜனவரி 26-ஆம் தேதி அரசியல் சட்டம் நடைமுறைக்கு வந்தது. அதன் 226-ஆவது பிரிவு, ஒவ்வோர் உயர்நீதிமன்றத்துக்கும் அதன் ஆட்சிப் பரப்பு முழுவதும் ரிட் பிறப்பிக்கும் அதிகாரத்தை அளித்தது. மாணவர்கள் இதை நெடுநாள் விட்டுவைக்கவில்லை. உத்தரப் பிரதேசத்தில் 1954-ஆம் ஆண்டு இண்டர்மீடியட் தேர்வில் தேறிய மூன்று மாணவர்களின் முடிவுகளை, அவர்கள் முறைகேடு செய்தனர் எனக் கூறித் தேர்வு வாரியம் ரத்துச் செய்தது. அவர்களுக்கு நோட்டீசும் இல்லை, விசாரணையும் இல்லை. வழக்கு அலகாபாத்திலிருந்து உச்சநீதிமன்றம் வரை சென்றது. 1962-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம், ஒரு மாணவனின் எதிர்காலத்தையே பாதிக்கும் முடிவை எடுப்போர் அவனுக்கு விளக்கம் கூற வாய்ப்பளித்தே ஆகவேண்டும் என்று தீர்ப்புக் கூறிற்று. பெண்ட்லிக்குக் கிடைத்த நியாயம் நம் இண்டர்மீடியட் மாணவனுக்கும் கிடைத்தது.

ஆனால் குற்றஞ்சாட்டப்பட்டவனின் வழக்கு வேறு. மதிப்பெண் குறைந்தவனின் வழக்கு வேறு. “எனக்கு 36 அன்று, 46 வரவேண்டும்” என்பவனுக்கு நீதிமன்றம் என்ன செய்யும்?

திருத்துவோர் தவறுவதே இல்லை என்று எவரும் சொல்ல முடியாது. டாக்கா பல்கலைக் கழகத்தின் முதல் உபவேந்தராக இருந்து தாயகம் திரும்பிய ஸர் பிலிப் ஹார்ட்டாக், ரோட்ஸ் என்பவருடன் சேர்ந்து 1935-ஆம் ஆண்டில் ஓர் ஆராய்ச்சியை வெளியிட்டார். முன்னர் ஒரே அளவு மதிப்பெண் பெற்றிருந்த 15 வரலாற்று விடைத்தாள்களை, 15 தேர்வாளர்களிடம் தனித்தனியே கொடுத்துத் திருத்தச் செய்தனர். நாற்பதுக்கு மேற்பட்ட வெவ்வேறு மதிப்பெண்கள் வந்தன. ஓராண்டுக்கு மேல் கழித்து, அவர்களுள் 14 பேரிடமே அதே தாள்களை மறுபடி கொடுத்தனர். தேறியவன், தேறாதவன் என்ற வகையில் அவர்கள் அளித்த 210 முடிவுகளுள் 92, தாங்களே முன்னர் அளித்த முடிவுக்கு மாறாக இருந்தன! தேர்வாளர்கள் தக்க அனுபவம் உடையவர்களே. கட்டுரை விடைக்கு மதிப்பெண் இடுதல் என்பது துணியை முழக்கோலால் அளப்பது போன்றதன்று.

இந்த ஆராய்ச்சி இரு பக்கமும் வெட்டும் கத்தி. முதல் மதிப்பீடு உறுதியற்றது ஆதலால் மறுமதிப்பீடு வேண்டும் என்று மாணவன் சொல்லலாம். இரண்டாவதும் அதே அளவு உறுதியற்றதுதானே, எங்கே நிறுத்துவது என்று பல்கலைக் கழகம் திருப்பிக் கேட்கலாம். 1984-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் இரண்டாவது பக்கத்தையே ஏற்றது. மகாராஷ்டிர மாநில உயர்நிலைக் கல்வி வாரியத்தின் விதிகள், கூட்டல் சரியா, எல்லா விடைகளுக்கும் மதிப்பெண் இடப்பட்டதா என்று சரிபார்க்க இடம் தந்தன. மறுமதிப்பீட்டையும், மாணவன் தன் விடைத்தாளைப் பார்ப்பதையும் தடுத்தன. இத்தடையைப் பம்பாய் உயர்நீதிமன்றம் செல்லாது என்றது. உச்சநீதிமன்றமோ அது செல்லும் என்று தீர்த்தது. லட்சக்கணக்கானோர் எழுதும் தேர்வில் முடிவுக்கு ஒரு முடிவு வேண்டும். கல்வித்துறை வல்லுநர்களின் இடத்தில் நீதிபதிகள் அமர்தல் ஆகாது என்பது அதன் கருத்து. விதியில் இடமில்லாத போது மறுமதிப்பீட்டை உரிமையாகக் கேட்க முடியாது என்று 2004-லும், அதன் பின்னரும், அதே மன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. அனுதாபம் ஒன்றைக் கொண்டு விடைத்தாளைத் திருத்த உத்தரவிடல் ஆகாது என்று 2017-ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றும் எச்சரித்தது.

ஒரு விலக்கு உண்டு. கான்பூர்ப் பல்கலைக் கழகம் நடத்திய மருத்துவ நுழைவுத் தேர்வில், சரியான விடை என்று தேர்வாளர் குறித்து வைத்ததே சில வினாக்களில் தவறாக இருந்தது. பாடப்புத்தகங்களைக் கொண்டே அத்தவறு ஐயமற மெய்ப்பிக்கப்பட்டதால், 1983-இல் உச்சநீதிமன்றம் மாணவர் பக்கம் தீர்ப்பளித்தது. இது அரிதாகக் கிட்டும் வெற்றி. கட்டுரை விடைகளுக்கு இதை நம்பி இறங்குவோர் ஏமாந்து போவர்.

1984-ஆம் ஆண்டுத் தீர்ப்பில் என் போன்றோர்க்குக் குறையாகப் பட்டது, மறுமதிப்பீட்டை மறுத்தது அன்று; விடைத்தாளைப் பார்ப்பதையே மறுத்ததுதான். தன் கைப்பட எழுதிய தாளில் பிறர் இட்ட குறிகளைப் பாராமல், தவறு நேர்ந்ததென்று மாணவன் எவ்வாறு சொல்வான்? அந்தக் கதவு திறக்க மேலும் 27 ஆண்டுகள் ஆயின. 2005-ஆம் ஆண்டில் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்தது. 2011 ஆகஸ்டு 9-ஆம் தேதி, மத்திய இடைநிலைக் கல்வி வாரியம் தொடுத்த மேல்முறையீட்டில் உச்சநீதிமன்றம், திருத்தப்பட்ட விடைத்தாள் அச்சட்டத்தின்படி ‘தகவல்’ என்றும், எழுதிய மாணவன் அதைப் பார்வையிடவும் நகல் பெறவும் உரிமை உடையவன் என்றும் தீர்த்தது. திருத்தியவர் பெயரை மட்டும் மறைத்துக்கொள்ளலாம். மறுமதிப்பீட்டு உரிமை இதனால் வந்துவிடாது என்பதையும் அத்தீர்ப்பு தெளிவுபடுத்திற்று.

அத்தீர்ப்பில் பலர் கவனியாத ஒரு செய்தி உண்டு. விடைத்தாள்களைப் பாதுகாக்க விதியில் ஒரு காலவரம்பு இருக்கும். அந்த வரம்பு வரையில்தான் மாணவனின் உரிமையும் நிலைக்கும். அதற்குப் பின் தாளைக் கூழாக்க விற்றுவிட்டோம் என்று அலுவலகத்தார் சொன்னால், சட்டத்தால் அதை மீண்டும் தாளாக்கித் தர இயலாது. ஆதலால் முடிவு வெளிவந்த சில நாட்களிலேயே விண்ணப்பித்துவிட வேண்டும். சட்டத்தின்படி 30 நாட்களுக்குள் பதில் தரவேண்டும். அதற்குமேல் தாமதித்தால் கட்டணமின்றியே தரவேண்டும். தக்க காரணமின்றித் தாமதித்த அதிகாரிக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கவும் இடமுண்டு. இந்தியக் குடிமைப்பணித் தேர்வுக்கு இவ்வழி செல்லாது என்று 2018-இல் தீர்ப்பாயிற்று. அதன் நன்மை தீமையை வேறொரு சமயம் பேசலாம்.

இனித் தாமதத்துக்கு வருவோம். மறுமதிப்பீட்டுக்கு விதியில் இடம் தந்து, கட்டணமும் வாங்கிக்கொண்டு, அதன்பின் வாளாவிருக்கும் பல்கலைக் கழகத்தின் நிலை முற்றிலும் வேறு. “எங்கள் கல்வித் தீர்ப்பில் தலையிடாதீர்கள்” என்று அது சொல்ல முடியாது; தீர்ப்பே இன்னும் சொல்லவில்லையே! இங்கே மாணவன் கேட்பது மதிப்பெண் அன்று. பல்கலைக் கழகம் தன் விதியின்படி தன் கடமையைச் செய்யவேண்டும் என்பதே. மாண்டமஸ் பிறந்தது இதற்காகத்தான். விதியில் காலவரம்பு இருந்தால் அதுவே அளவுகோல். இல்லையேல் நியாயமான காலம் எது என்று நீதிமன்றம் பார்க்கும்.

தாமதம் எவ்வளவு தூரம் போகக் கூடும் என்பதை 2017-ஆம் ஆண்டில் மும்பைப் பல்கலைக் கழகம் காட்டியது. ஏறத்தாழ 17 லட்சம் விடைத்தாள்களைப் படமெடுத்துக் கணிப்பொறித் திரையில் திருத்தும் முறையை அவ்வாண்டு ஒரேயடியாகக் கொண்டுவந்தனர். ஏற்பாடு தடுமாறிற்று. ஜூலை 31-க்குள் முடிவுகளை வெளியிட வேண்டுமென்று வேந்தராகிய ஆளுநர் விதித்த கெடுவும் தவறிற்று. மாணவர்கள் பம்பாய் உயர்நீதிமன்றத்தை நாடினர். அக்டோபர் 24-ஆம் தேதி உபவேந்தர் பதவி நீக்கம் செய்யப்பட்டார். முடிவுகள் வந்த பிறகு மறுமதிப்பீட்டு விண்ணப்பங்கள் குவிந்தன; முந்திய பருவத்தில் தேறினோமா இல்லையா என்பதை அறியாமலே பலர் அடுத்த பருவத் தேர்வை எழுத நேர்ந்தது. என் முன் வந்து நின்ற மாணவியின் கேள்விதான் அங்கே பல்லாயிரவர் கேள்வியாக இருந்தது.

நஷ்டஈடு கிடைக்குமா என்று எல்லாரும் கேட்கிறார்கள். கட்டணம் வாங்கிக்கொண்டு வேலை செய்யாத கடைக்காரன் மீது நுகர்வோர் மன்றத்துக்குப் போவது போலப் பல்கலைக் கழகத்தின் மீதும் போகலாமே என்று தோன்றும். அவ்வழியை உச்சநீதிமன்றம் 2009-இல் அடைத்துவிட்டது. தேர்வு நடத்தும் வாரியம் சேவையை விற்பதன்று, மாணவன் நுகர்வோனும் அல்லன் என்பது அத்தீர்ப்பு. பீகாரில் இரு மாணவர்க்கு ஒரே தேர்வு எண்ணைக் கொடுத்துவிட்டதால் எழுந்த வழக்கு அது. அந்தப் பையனின் நிலையை எண்ணும்போது தீர்ப்பு கடுமையாகவே எனக்குப் படுகிறது. எனினும் சட்டம் அதுவே.

நீதிமன்றத்துக்கு முந்திய படி ஒன்று அண்மையில் கிடைத்திருக்கிறது. பல்கலைக் கழக மானியக் குழு 2023 ஏப்ரலில் வெளியிட்ட மாணவர் குறைதீர்ப்பு விதிகள், தேர்வு முடிவைக் குறித்த காலத்துக்குள் வெளியிடாமையைக் குறையென்றே வெளிப்படையாக வகுத்துக் கூறுகின்றன. முதலில் நிறுவனத்தின் குறைதீர்ப்புக் குழு. அதன் முடிவில் திருப்தி இல்லையேல், பல்கலைக் கழகந்தோறும் நியமிக்கவேண்டிய குறைகேள் அதிகாரியிடம் மேல்முறையீடு. ஓய்வுபெற்ற உபவேந்தரோ, பேராசிரியரோ, மாவட்ட நீதிபதியோ அப்பதவியில் இருப்பார். மதிப்பெண் போதவில்லை என்ற பொதுவான முறையீட்டை அவரும் எடுத்துக்கொள்ளார். முடிவையே மாற்றத்தக்க குறிப்பிட்டதொரு முறைகேட்டைக் காட்டினால் பரிசீலிப்பார். 1984-இன் குரல் இங்கும் ஒலிக்கிறது.

அம்மாணவிக்கு நான் சொன்னது இதுதான்: “தேர்வுப் பணத்தைக் கட்டிவிடு, அம்மா. கட்டும்போதே, ‘நிலுவையில் உள்ள மறுமதிப்பீட்டு உரிமைக்குப் பங்கமின்றிச் செலுத்துகிறேன்’ என்று ஒரு கடிதம் கொடுத்து, அதன் நகலில் முத்திரை பெற்றுக்கொள். அப்படிச் செய்தால் தோல்வியை ஒப்புக்கொண்டதாக ஆகாது. இன்றைக்கே விடைத்தாளின் நகல் கேட்டுத் தகவல் சட்டப்படி ஒரு மனுவும், முடிவை வெளியிடக் கோரிக் கட்டுப்பாட்டு அதிகாரிக்கு ஒரு கடிதமும் பதிவுத் தபாலில் அனுப்பு.” கேட்டும் மறுக்கப்பட்டது என்று காட்டாதவனுக்கு மாண்டமஸ் கிடைப்பது அரிது. தொலைபேசியில் நூறு முறை கேட்டதற்குச் சாட்சி இல்லை. ஒரு தபால் ரசீதுக்கு உண்டு.

முதுகலை இடம் கைநழுவிப் போயிற்று. மாத இறுதிக்குள் எந்தச் சட்டமும் அதைக் காப்பாற்றியிராது. தேறாத ஒருவரைத் தற்காலிகமாகத் தொடர விடுமாறு ஆணையிட நீதிமன்றங்கள் தயங்குகின்றன. பின்னர் தேறவில்லை என்றாகிவிட்டால் எல்லார்க்கும் சங்கடம். அவள் அதே தாளை மறுபடி எழுதினாள்.

விடைத்தாளின் நகல் 29-ஆவது நாள் வந்தது. மூவரும் மேசையில் பரப்பிப் பார்த்தோம். கடைசி வினாவுக்கான விடையைக் கூடுதல் தாள் ஒன்றில் எழுதி இணைத்திருந்தாள். அந்த இரண்டு பக்கங்களிலும் சிவப்பு மையின் சுவடே இல்லை. யாரோ புரட்டாமல் விட்டுவிட்டார்கள், அவ்வளவுதான். இது மறுமதிப்பீடு கேட்கும் வழக்கே அன்று. முதல் மதிப்பீடே முழுமை பெறவில்லை என்னும் வழக்கு. 1984-ஆம் ஆண்டுத் தீர்ப்பே இதற்கு இடம் கொடுக்கிறது. நகலை இணைத்து மீண்டும் எழுதினோம், பதில் இல்லை. ரிட் மனு தாக்கல் செய்தோம். முதல் விசாரணையன்றே பல்கலைக் கழகத்தின் வழக்கறிஞர் எழுந்து, இரண்டு வாரத்தில் முடிவு வெளிவரும் என்றார். பதின்மூன்றாம் நாள் வந்தது: 36 என்பது 47 ஆகியிருந்தது.

அதற்குள் மறுபடி எழுதிய தேர்வின் முடிவும் வெளியாகி, அதில் அவள் 58 பெற்றிருந்தாள். இரண்டு மதிப்பெண் பட்டியல்களையும் எடுத்துக்கொண்டு ஒருநாள் வந்து, “அடுத்த ஆண்டுச் சேர்க்கைக்கு இவற்றுள் எதைக் காட்டுவது, ஐயா? இரண்டாவதில்தானே கூடுதல்?” என்று கேட்டாள்.

“முந்தியதைக் காட்டு, அம்மா. நீ முதல் முறையிலேயே தேறினாய் என்று அதில்தான் இருக்கிறது” என்றேன்.